காரிக்காளை மேல் எழுதிய பெயர்

சடையன்பட்டி,
12-11-1981

தம்பி சோணைக்கு அண்ணன் முத்திருளன் எழுதுவது.

நான் சொல்லச் சொல்ல வேறொருவர் எழுதுவது இல்லை. நானே எழுதுவது. நம்பாவிட்டால் எழுத்தைப் பார். இவ்வளவு கோணலாக எழுத நம் ஊரில் வேறு ஆள் கிடையாது. நாகமலை புதுக்கோட்டையிலிருந்து பஸ்ஸில் வந்து ரெங்கம்மாள் டீச்சர் சாவடியில் பாடம் நடத்துகிறார். எல்லாரும் என்னைப் போலக் கிழடுகள். நான் பேனாவை அழுத்துகிற அழுத்தில் தாள் கிழிந்துவிடும். "பெரியவரே, எழுதுங்க, உழுகாதீக" என்று சிரிக்கிறார். சிரிக்கட்டும். பஸ்ஸில் போகும்போது கடைப் பலகைகளை வாசித்துக்கொண்டே போகிறேன். மதுரையில் இம்புட்டுப் பலகை இருப்பது இத்தனை நாள் எனக்குத் தெரியாமல் போயிற்றே!

இதுவரை உன் கடிதம் வந்தால் நம் செத்துப்போன நடுத்தம்பி மகன் பேயாண்டிதான் வாசித்துச் சொல்வான். அவன் வாசிக்கிற தோரணையில் ஏதோ அவனே பட்டாளத்தை நடத்துகிற மாதிரி இருக்கும். இனி அவன் வேண்டாம்.

நீ வருகிற வைகாசியோடு ஓய்வு என்று எழுதியிருந்தாய். அதற்குள் இன்னொரு பதவி கிடைத்தால் இரண்டு வருடம் நீடிக்கும், தோளில் இருக்கிற நட்சத்திரம் போய்ச் சிங்கம் வரும் என்றும் எழுதியிருந்தாய். சிங்கம் வரட்டும். வந்தாலும் வராவிட்டாலும் ஊருக்கு வா. நீ கட்டிய வீட்டுக் கதவுக்கு எண்ணெய் போட்டு வைத்திருக்கிறேன். உன்னைப் பட்டாளத்துக்கு ஆள் எடுத்தபோது எடை போதாது என்று தள்ளிவிட்டார்கள். நான்தான் வாழைப்பழமும் தண்ணீரும் வயிறு முட்டக் கொடுத்து மறுபடி வரிசையில் நிறுத்தினேன். நினைவிருக்கிறதா? அனுப்பினவன் கூப்பிடுகிறேன். வா.

நம் காரிக்கன்று காளையாகிவிட்டது. கிட்டே யாரையும் விடாது. நானும் பேயாண்டியும் போனால்தான் நிற்கும். பொங்கலுக்கு அவனியாபுரத்தில் அவிழ்க்கிறேன்.

முத்திருளன்


வட எல்லை முகாம்,
28-11-1981

அன்புள்ள அண்ணனுக்கு,

உங்கள் எழுத்தைப் பார்த்ததும் முதலில் யாரோ பள்ளிப் பிள்ளை எழுதியது என்று நினைத்தேன். பிறகு நாற்காலியில் உட்கார்ந்து வாசித்தேன். இந்த அலுவலகத்தில் ஒரு நாளைக்கு எத்தனையோ தாள் என் மேசைக்கு வருகிறது. எதையும் அவ்வளவு மெதுவாக நான் வாசித்ததில்லை.

வாழைப்பழம் நினைவிருக்கிறது. சிப்பாயாகச் சேர்ந்து ஜெனரல் ஆனவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். லடாக்கில் கம்பெனியை நடத்தினேன், கிழக்கே சண்டையில் பட்டாலியனை நடத்தினேன், இப்போது ஒரு டிவிஷன் முழுவதும் என் சொல்லுக்கு நிற்கிறது. ஒவ்வொரு முறையும் பட்டியல் வரும்போது இந்தப் பெயரைச் சரியாக உச்சரிக்கத் தெரியாத ஒருவர் அதில் என்னைச் சேர்த்தார். இந்த முறையும் சேர்ப்பார்கள். மார்ச் மாதம் தெரியும்.

ஒரு வேண்டுகோள். பதவி விஷயம் ஊரில் யாருக்கும் தெரிய வேண்டாம். பட்டாளத்தில் வருமுன் சொல்லக் கூடாது. பேயாண்டிக்குத் தெரிந்தால் ஊருக்கே தெரியும்.

வணக்கத்துடன்,
சோணை


சடையன்பட்டி,
20-1-1982

தம்பி சோணைக்கு,

உன் கடிதம் வருமுன்பே நான் சொல்லிவிட்டேன். கோபிக்காதே. சந்தோஷத்தில் வாய் நிற்கவில்லை. குலசாமியிடமும் ஒன்று வேண்டிக்கொண்டேன். காளை பிடிபடாமல் வாடிவாசல் தாண்டினால் உனக்குச் சிங்கம் வரும் என்று. அதையும் சொன்னேன்.

இன்னொன்றும் செய்தேன். எழுதக் கற்றவன் எதில் எழுதுவது என்று கை துறுதுறுத்தது. எனாமல் பெயின்ட் வாங்கி, காரியின் விலாவில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வெள்ளையாக 'ஜெனரல் சோணை' என்று எழுதினேன். கறுப்பு மாட்டில் வெள்ளை எழுத்து. அரை மைல் தூரத்திலிருந்து வாசிக்கலாம். ரெங்கம்மாள் டீச்சரைக் கூப்பிட்டுக் காட்டினேன். "எழுத்து நல்லா இருக்கு, ஆனா எதுக்குப் பெரியவரே?" என்றார். ஏன் அப்படிக் கேட்டார் என்று எனக்குப் புரியவில்லை.

அவனியாபுரத்தில் கூட்டம் சொல்லி முடியாது. நம் முறை வந்தது. மைக்கில் பேசுகிறவன் விலாவைப் பார்த்துவிட்டான். "ஜெனரல் வாராரு, ஜெனரல் வாராரு! முடிஞ்சா தொட்டுப் பாருங்கப்பா!" என்று கத்தினான். எனக்கு மயிர் சிலிர்த்தது. காரி பாய்ந்தது. தொட வந்தவனை எல்லாம் தூக்கி எறிந்தது. அப்போது ஒருவன் பக்கவாட்டில் வந்து திமிலைக் கட்டிப் பிடித்தான். காரி சுற்றியது, குதித்தது, தரையில் தேய்த்தது. அவன் விடவில்லை. எல்லை தாண்டும்வரை தொங்கினான். என்ன பிடி தம்பி! மாட்டுக்காரன் நான், எனக்கே கை தட்டத் தோன்றியது. தட்டியும் விட்டேன். கொம்பில் கட்டிய பட்டுத்துண்டை அவன் எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டான்.

மைக்குக்காரன் சும்மா இருந்திருக்கலாம். "ஜெனரல் பிடிபட்டாருப்பா! ஜெனரல் பிடிபட்டாரு!" என்றான். கூட்டம் முழுக்கச் சிரித்தது. நான் திரும்பிப் பார்த்தேன். பேயாண்டி சிரிக்கவில்லை.

பிடித்தவன் யார் என்று நினைக்கிறாய்? நம் ஊர்க் காலனியில் கருப்பு இருக்கிறானே, நம் வயலில் மடை பார்ப்பவன், அவன் மகன் வீரணன். பொங்கலுக்கு லீவில் வந்த பட்டாளத்துக்காரன். மறுநாளே ரயிலேறிப் போய்விட்டான்.

பேயாண்டி சொல்கிறான்: "சித்தப்பாவோட சிங்கத்தக் காலனிக்காரன் பறிச்சுட்டுப் போயிட்டான் பெரியப்பா. அவன் வந்து துண்டத் திருப்பிக் குடுத்து உங்க கால்ல விழுகணும்." நான் சொன்னேன்: "அடேய், பிடிச்ச மாடு பிடிச்சதுதான். அவிழ்த்து விட்டவனுக்கு இல்லாத வருத்தம் உனக்கு எதுக்குடா?" அவன் எழுந்து சாவடிப் பக்கம் போய்விட்டான்.

முத்திருளன்


வட எல்லை முகாம்,
2-2-1982

அன்புள்ள அண்ணனுக்கு,

சொல்ல வேண்டாம் என்றேன். சொல்லிவிட்டீர்கள். மாட்டுக்கும் பதவிக்கும் சம்பந்தம் இல்லை. இதை ஊருக்குச் சொல்லி முடியுங்கள். டெல்லியில் உட்கார்ந்து பட்டியல் போடுகிறவர்களுக்கு அவனியாபுரம் எந்தத் திசை என்றுகூடத் தெரியாது.

மாட்டின் மேல் என் பெயரை எழுதியது சரியில்லை. அழித்துவிடுங்கள்.

கூட்டம் சிரித்தது என்று எழுதியிருந்தீர்கள். அது நெடுநேரம் சிரித்ததா?

அந்தப் பையன் எந்தப் பிரிவில் இருக்கிறான் என்று தெரிந்தால் எழுதுங்கள். சும்மா கேட்கிறேன்.

சோணை


சடையன்பட்டி,
20-2-1982

தம்பி சோணைக்கு,

அழிக்கப் பார்த்தேன். எனாமல் போகவில்லை. மண்ணெண்ணெய் போட்டால் தோல் எரிந்து கத்துகிறது.

ஊர் சரியில்லை. காலனிக்காரர்களை யாரும் வேலைக்குக் கூப்பிடுவதில்லை. வண்டிப் பாதையில் முள் வெட்டிப் போட்டிருக்கிறது. கருப்பின் வைக்கோல் படப்பு எரிந்தது. பீடி நெருப்பு என்றார்கள். கருப்பு பீடி குடிப்பதில்லை. நம் பையன்கள் சாவடியில் கூடிப் பேசுகிறார்கள். நான் போனால் பேச்சு நின்றுவிடுகிறது. பாடம் நடத்த இடம் இல்லாமல் டீச்சர் வருவதையும் நிறுத்திவிட்டார்.

போன வாரம் காரியின் விலாவில் ஒரு வெட்டு. அரிவாள் வெட்டு. சரியாக உன் பெயரின் குறுக்கே. பேயாண்டி ஊரைக் கூட்டி, "பாத்தீகளா, பெயர வெட்டுனவன் நாளைக்கு ஆளையும் வெட்டுவான்" என்றான். நான் வெட்டுக்கு மஞ்சள் அப்பிக்கொண்டே யோசித்தேன். காரி கிட்டே இரண்டு பேரைத் தவிர யாரையும் விடாது. அதை நான் உனக்கு எழுதியிருக்கிறேன். நான் வெட்டவில்லை.

எல்லாரும் மார்ச் மாதத்துக்குக் காத்திருக்கிறார்கள். உனக்குச் சிங்கம் வந்துவிட்டால் ஒன்றும் இல்லை. வராவிட்டால் வீரணன்தான் பறித்தான் என்று ஆகும். பங்குனியில் அவனுக்குக் கல்யாணம். பெண் செல்லக்கிளி, வண்டியூர்க்காரி. அவன் மறுபடி லீவில் வருவான். பேயாண்டி அந்தத் தேதியைத்தான் விசாரித்துக்கொண்டிருக்கிறான்.

கருப்பை ஓடைப் பக்கம் பார்த்தேன். பயந்து போயிருக்கிறான். அதிலும் ஒரு பெருமை அவனுக்கு. "எம்மகன் உங்க தம்பி டிவிசன்லதாங்கய்யா இருக்கான். கையில ரெண்டு பட்ட போட்ட நாயக்கு. பெரிய ஐயா கையில இருக்கான், அங்க பயமில்ல" என்றான். நீ கேட்டதற்குப் பதில் கிடைத்துவிட்டது. உன் கையில்தான் இருக்கிறான்.

ஒன்று செய். அவனை இப்போது ஊருக்கு விடாதே. கல்யாணம் ஆவணிக்குத் தள்ளிப்போகட்டும். ஊருக்கும் உன் கையால் ஒரு வரி எழுது. மாடு பிடிபட்டதில் எனக்கு வருத்தமில்லை என்று ஒரே வரி. சாவடியில் நானே வாசிக்கிறேன்.

முத்திருளன்


வட எல்லை முகாம்,
10-3-1982

அன்புள்ள அண்ணனுக்கு,

பட்டியல் வந்துவிட்டது. நான் அதில் இல்லை. எனக்குக் கீழே வேலை பார்த்த ஒருவர் இருக்கிறார். மே 31-ந் தேதி ஓய்வு பெறுகிறேன்.

செய்தி வந்த மாலை அந்த நாயக்கை வரவழைத்தேன். விறைப்பாக நின்றான். நான் அவனிடம் தமிழில் பேசினேன். மாட்டின் மேல் எழுதியிருந்ததை வாசித்தாயா என்று கேட்டேன். "வாசிச்சேன் ஐயா" என்றான். வாசித்த பிறகுமா பாய்ந்தாய் என்றேன். "வாசிச்சதாலதான் ஐயா பாஞ்சேன். வேற மாடுன்னா விட்டுருப்பேன். பத்து வருசமா தூரத்துல நின்னு சல்யூட் அடிச்ச பேரு. ஒரு தடவ கட்டிப் பிடிச்சுப் பாக்கணும்னு இருந்துச்சு" என்றான்.

போகச் சொன்னேன். அவன் பூட்ஸ் சத்தம் வராந்தாவில் நெடுந்தூரம் கேட்டது. பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. கூட்டம் சிரித்தது என்று நீங்கள் எழுதியது மட்டும் நினைவில் இருந்தது.

கல்யாணத்துக்கு அவன் கேட்ட விடுப்பில் நானே கையெழுத்துப் போட்டுவிட்டேன். 22-ந் தேதி காலை மதுரை வந்து சேருவான். பேயாண்டியும் தனியாக எழுதிக் கேட்டிருந்தான். அவனுக்கும் அதே தேதியை எழுதினேன். மறைக்க என்ன இருக்கிறது.

பட்டியல் விஷயத்தை அவனுக்கு எழுதவில்லை. அதைச் சாவடியில் நீங்களே வாசித்துவிடுங்கள்.

சோணை


சடையன்பட்டி,
24-3-1982

சோணைக்கு,

உன் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். எனக்கு வாசிக்கத் தெரியாமல்தான் அப்படித் தெரிகிறதோ என்று நினைத்தேன். இல்லை. நன்றாகத்தான் எழுதியிருக்கிறாய்.

வரவேண்டாம் என்று நான் எழுதியவனை வர வைத்தாய். காத்திருக்கிறவனுக்குத் தேதி கொடுத்தாய். மிச்சத்தை என் வாயால் வாசிக்கச் சொன்னாய். சண்டைக்கு ஆள் அனுப்புவதும் இப்படித்தானா? ஒரு கையெழுத்துதானா?

தபால்காரர் உன் கடிதத்தை என்னிடம் கொடுத்ததைப் பேயாண்டி பார்த்துவிட்டான். ஊரையே சாவடியில் கூட்டிவிட்டான். கருப்பையும் கூட்டி வந்து தூணுக்குப் பக்கத்தில் நிற்க வைத்திருந்தார்கள். "குடுங்க பெரியப்பா, நான் வாசிக்கிறேன்" என்று கை நீட்டினான்.

"இம்புட்டு நாளும் நீதானடா வாசிச்ச. படிச்சவன் நான் எதுக்கு இருக்கேன்?" என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். அவனும் சிரிக்க வேண்டியதாயிற்று.

கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தேன். விரலை வைத்து, எழுத்து எழுத்தாக, டீச்சர் சொல்லிக்கொடுத்த மாதிரி. 'அன்புள்ள அண்ணனுக்கு, பட்டியல் வந்துவிட்டது' என்று வாசித்தேன். அது நீ எழுதியது. 'நான் அதில் முதலாவது இருக்கிறேன். தோளில் சிங்கம் ஏறிவிட்டது. நம் காளையைப் பிடித்த வீரணன் என் டிவிஷன் பிள்ளைதான். என் பிள்ளை பிடித்தால் நான் பிடித்தது. அவனுக்கு நானே லீவு கொடுத்துக் கல்யாணத்துக்கு அனுப்புகிறேன். ஊர் அவனை நல்லபடி பார்த்துக்கொள்ளட்டும்' என்று வாசித்தேன். அது நீ எழுதாதது. என் விரல் 'நான் அதில் இல்லை' என்ற இடத்தில்தான் இருந்தது. பேயாண்டி தோளுக்கு மேலே எட்டிப் பார்த்தான். நான் தாளை மடித்துவிட்டேன்.

கருப்பு தூணைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான்.

வீட்டுக்கு வந்ததும் உன் கடிதத்தைத் தவிட்டுத் தண்ணீரில் கரைத்துக் காரிக்கு வைத்தேன். குடித்துவிட்டது.

22-ந் தேதி காலை நானும் ஸ்டேஷனுக்குப் போனேன். பேயாண்டியும் பையன்களும் எனக்கு முன்பே அங்கே நின்றார்கள். ஒருவன் கக்கத்தில் நீளமாகச் சாக்கில் சுற்றிய ஏதோ இருந்தது. என்னைப் பார்த்ததும் அதைப் பின்னால் தள்ளினார்கள். வீரணன் பெட்டியோடு இறங்கினான். நான் அவன் கையைப் பிடித்துக்கொண்டேன். பிடித்த கையை ஊர் வரை விடவில்லை. பேயாண்டி அவனை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "பொழச்சுக்கிட்டடா மாப்ள. சித்தப்பாவுக்குச் சிங்கம் வந்துருச்சு" என்றான். வீரணன் என்னைப் பார்த்தான். அவன் உன் முகாமிலிருந்து வருகிறவன். அவனுக்கு உண்மை தெரியும். வாயைத் திறக்கவில்லை. நல்ல பிள்ளை.

கல்யாணம் இந்த வெள்ளிக்கிழமை. நான் போகிறேன்.

முத்திருளன்


வட எல்லை முகாம்,
5-4-1982

அன்புள்ள அண்ணனுக்கு,

விடுப்பு விதிப்படி கொடுக்கப்பட்டது. அவனுக்கு வரவேண்டிய விடுப்பு அது. கையெழுத்தைப் பற்றி நீங்கள் எழுதிய வரியை மட்டும் பலமுறை வாசித்தேன்.

ஆனால் நீங்கள் செய்தது எனக்குச் சம்மதமில்லை. எனக்குக் கொடுக்கப்படாத எதையும் நான் தோளில் போட்டதில்லை. சிப்பாயாக இருந்தபோதும் இல்லை. பேயாண்டி கடிதம் போட்டிருக்கிறான். ஊர் முகப்பில் வளைவு கட்டுகிறானாம், பேண்டு வாத்தியம் பேசியிருக்கிறானாம், சிங்கம் வைத்த சட்டையில் ஒரு போட்டோ அனுப்பச் சொல்கிறான். பொய்க்கு மாலை வாங்க என்னால் முடியாது.

ஜூன் 3-ந் தேதி காலை மதுரை வருகிறேன். சாவடிக்கு நேராகப் போவேன். என்ன நடந்தது என்று என் வாயால் சொல்வேன். பிறகு நடப்பதை நான் பார்த்துக்கொள்கிறேன். இத்தனை ஆயிரம் பேரை நடத்தியவனுக்கு நம் ஊரை நடத்தத் தெரியும்.

எனக்கு மனைவி இல்லை, பிள்ளை இல்லை. அந்த வீட்டைத் தவிர எனக்குப் போக இடமும் இல்லை. வா என்று நீங்கள்தான் எழுதினீர்கள்.

சோணை


சடையன்பட்டி,
14-4-1982

தம்பி சோணைக்கு,

நீ பொய் சொல்லாதவன். எனக்குத் தெரியும். அதனால்தான் பயமாக இருக்கிறது.

நீ சாவடிக்கு வருவாய், உண்மையைச் சொல்வாய். உன்னை யாரும் தொட மாட்டார்கள். உனக்கு நாற்காலி போடுவார்கள், தண்ணீர் கொடுப்பார்கள். நீ வீட்டுக்குப் போய்க் கதவைச் சாத்துவாய். அதற்குப் பிறகுதான் அவர்கள் எழுந்திருப்பார்கள். காலனி ஓடைக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. நீ நடத்துகிறேன் என்கிறாயே, எவ்வளவு நாள் நடத்துவாய்? கருப்பு மடை பார்க்கத் தனியாகப் போகிறவன். வீரணன் லீவு முடிந்து நாளை மறுநாள் கிளம்புகிறான். செல்லக்கிளி இங்கே இருப்பாள்.

போட்டோ அனுப்பாமல், பட்டாளச் சட்டை போடாமல், வேட்டியில் வந்தாலும் ஆகாது. பேயாண்டி உன் போட்டோவைப் பார்த்தே வளர்ந்தவன். நட்சத்திரத்துக்கும் சிங்கத்துக்கும் எத்தனை வருட வித்தியாசம் என்று அவனுக்குத் தெரியும். சிங்கம் வந்தவன் இரண்டு வருடம் கழித்துத்தானே வருவான், இப்போதே எப்படி வந்தான் என்று முதலில் அவன்தான் கேட்பான். இப்போதே நான் சொல்லி வைத்திருக்கிறேன், பெரிய பதவி, தூர ஊர், தம்பிக்கு இனி நேரமிருக்காது என்று. அவனுக்கு ஏமாற்றம். ஆனால் பெருமையோடு ஏமாந்திருக்கிறான். அப்படியே இருக்கட்டும்.

மாட்டின் மேல் உன் பெயரை எழுதினது நான். அது இல்லாவிட்டால் அது வெறும் காரிக்காளை, பிடித்தவன் வெறும் வீரன். பெயர் இன்னும் போகவில்லை. வெட்டு ஆறிவிட்டது, அதன் மேல் முடி முளைக்கவில்லை. தினமும் தண்ணீர் காட்டும்போது வாசிக்கிறேன்.

நீலகிரிப் பக்கம் பட்டாளத்துக்காரர்கள் குடியிருக்கிறார்கள் என்று வீரணன் சொன்னான். குளிர் உனக்குப் பழக்கம்தான். அங்கே ஒரு வீடு பார். அறுவடை முடிந்ததும் நான் வாரேன். பஸ்ஸில் பெயர் பார்த்து ஏறத் தெரியும் எனக்கு. இங்கிருந்து கொஞ்சம் அரிசியும் காரியின் தாய்ப் பசுவின் நெய்யும் கொண்டு வாரேன். உன்னோடு ஒரு மாதம் இருக்கிறேன். நீ பேசாவிட்டாலும் பரவாயில்லை.

உன் வீட்டைப் பூட்டிச் சாவியை என்னிடம் வைத்துக்கொண்டேன். எண்ணெய் போட்ட கதவு. சத்தமே இல்லாமல் சாத்திக்கொண்டது.

ஊர் முகப்பில் வளைவு நிற்கிறது. பிரிக்க மாட்டேன் என்கிறான் பேயாண்டி. என்றைக்கு வந்தாலும் சித்தப்பா இதற்குக் கீழேதான் நடக்க வேண்டுமாம். மதுரையிலிருந்து ஆள் கூட்டி வந்து மேலே ஒரு சிங்கம் வரைந்திருக்கிறான். வாயைத் திறந்துகொண்டு நிற்கிறது. கருப்பு தினமும் அதற்குக் கீழேதான் வேலைக்குப் போகிறான், வருகிறான்.

முதல் கடிதத்தில் வா என்று எழுதினேன். அதை எழுத எனக்கு ஒரு சாயங்காலம் பிடித்தது. இதை எழுத அதைவிட நேரமாகிறது.

வராதே தம்பி.

முத்திருளன்